பெரியகுளத்தில் பேசிய மருத்துவர்

(சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



பெரியகுளத்து மண்ணில் நின்று பேசுகிறவர் எவரும் ஒருமுறை நிமிர்ந்து பார்க்காமல் பேசுவதில்லை. பழனி மலைத்தொடரின் சுவர் ஊரை ஒட்டி எழுந்து நிற்கிறது. அந்தச் சுவரின் உச்சியில் கோடைக்கானல் இருக்கிறது. அது எதற்காக உண்டான ஊர் என்பதை முதலில் நினைவிற் கொள்ளல் நன்று. மதுரைச் சமவெளியின் காய்ச்சலுக்கும் வாந்திபேதிக்கும் தம் மக்களைப் பறிகொடுத்த அமெரிக்கக் கிறித்தவத் தொண்டர்கள், உயிர் பிழைப்பதற்கென்றே 1845-இல் அங்கே முதல் வீடுகளைக் கட்டினார்கள். பின்னால் மதுரைத் தண்டலராயிருந்த இலெவிஞ்சு 1863-இல் ஓடைக்கு அணை கட்டி ஏரியை உண்டாக்கினார். 1899-இல் கதிரவனை ஆயும் வானாய்வு நிலையம் வந்தது. ஆக, கோடைக்கானல் என்பது நோய்க்கு அஞ்சி மலையேறியவர்கள் அமைத்த நலவாழ்வு ஊர்.

ஏறியவர்கள் எப்படி ஏறினார்கள்? அம்மையநாயக்கனூர் நிலையத்தில் இறங்கி, மாட்டுவண்டியில் பெரியகுளத்துப் பக்கம் வந்து, கிருட்டினம்ம நாயக்கன் தோப்பில் தங்கி, அங்கிருந்து செங்குத்தான ஒற்றையடிப் பாதையில் தமிழர் தோளில் ஏறினார்கள். நாற்காலியிலும் டோலியிலும் துரைமார் அமர்ந்திருக்க, அடிவாரத்துக் கூலியாட்கள் சுமந்து சென்றார்கள். வத்தலக்குண்டு வழியே உந்துவண்டி ஏறும் மலைச்சாலை 1910-களில் திறக்கப்படும்வரை இதுவே நடைமுறை. மேலே நலம், கீழே காய்ச்சல். மேலே போனவர்க்கு மேனாட்டு மருத்துவர் இருந்தார். கீழே சுமந்தவனுக்கு யார் இருந்தார்? நாட்டு மருத்துவர் இருந்தார். நாடி பார்த்து, வளி அழல் ஐயம் மூன்றில் எது மிகுந்தது என்று கண்டு, சூரணமோ கருக்குநீரோ கொடுத்துப் பத்தியம் சொல்லும் பண்டுவர் இருந்தார். போகர் பெயரோடு சேர்த்துச் சித்த மருத்துவத்தைப் போற்றும் மரபு இந்தப் பழனி மலைப்பக்கத்திலே வழிவழி வருகிறது என்பதையும் சொல்லவேண்டுவதில்லை.

அத்தகைய நாட்டு மருத்துவர் ஒருவர் 1923-இல் இந்தப் பெரியகுளத்துக்கு வந்தார். மருந்து கொடுக்க வரவில்லை. பேச வந்தார். பேசக்கூடாது என்று வெள்ளையர் ஆட்சி தடையாணை போட்டிருந்தது. தடையை மீறிப் பேசினார். அதற்காகச் சிறை சென்றார். அவருக்கு அது மூன்றாவது சிறை. அவர்தாம் மருத்துவர் பெ. வரதராசுலு நாயுடு. இன்றைய இளைஞரிடம் அவர் பெயரைச் சொன்னால் பலர்க்குத் தெரியாது. ஒரு காலத்தில் அவரைத் தென்னாட்டுத் திலகர் என்று தமிழகம் அழைத்தது.

சேலம் மாவட்டத்து இராசிபுரத்தில் 1887 சூன் 4-இல் பிறந்தவர் அவர். நாயுடு என்னும் பின்னொட்டே அவர் குடிவழியைச் சொல்லிவிடும். பள்ளியிற் படிக்கும்போதே, 1906-ஆம் ஆண்டு நாடெங்கும் எழுந்த சுதேசி அலையில் அகப்பட்டார். அயல்நாட்டுத் துணியை விலக்குக என்று மாணவரைத் திரட்டினார். பிறகு சித்தமும் ஆயுர்வேதமும் பயின்று மருத்துவரானார். அவரை எல்லாரும் ‘டாக்டர்’ என்றே அழைத்தனர். ஆட்சியின் ஏட்டில் அவர் டாக்டர் இல்லை. 1914-ஆம் ஆண்டுச் சென்னை மருத்துவப் பதிவுச் சட்டம், மேனாட்டு முறை கற்றவர்களுக்கு ஒரு பட்டியலை வகுத்தது. ஆயிரம் ஆண்டு மரபுடைய நாட்டு மருத்துவர் அந்தப் பட்டியலுக்கு வெளியே நின்றார். மக்கள் சட்டத்தைக் கேட்டுக்கொண்டு மருத்துவரிடம் போவதில்லை; நோய் தீர்த்தவன் டாக்டர், அவ்வளவுதான். ஆங்கிலத்தில் அமைந்த அந்தப் பட்டத்தை ஒரு தமிழ்ப் பண்டுவர்க்கு மக்களே மனமுவந்து கொடுத்ததில் ஒரு சிறு குறும்பும் இருக்கிறது.

நாட்டு மருத்துவம் தள்ளிவைக்கப்பட்டதைப் பற்றி அக்காலத்தில் பெருங்குரல் எழுந்தது. அதன் விளைவாகவே சென்னை ஆட்சி 1921-இல் முகமது உசுமான் தலைமையில் ஒரு குழுவை அமைத்தது. அக்குழு தன் அறிக்கையை 1923-இல் தந்தது. அதன் பயனாகச் சென்னையில் இந்திய மருத்துவப் பள்ளி பிறந்தது. சித்தம், ஆயுர்வேதம், யுனானி மூன்றும் அங்கே கற்பிக்கப்பட்டன. நாட்டு மருத்துவத்துக்கு ஆட்சி கதவைத் திறந்துவிட்ட அதே 1923-இல், நாட்டு மருத்துவர் ஒருவரைப் பெரியகுளத்துப் பேச்சுக்காகச் சிறைக்கதவுக்குள் தள்ளிப் பூட்டியது என்பதையும் எண்ணிப் பார்க்கலாம்.

நாயுடு மருத்துவத் தொழிலைக் கைவிட்டு முழுநேர அரசியலுக்கு வந்தது முதல் உலகப்போர் முடியும் தறுவாயில். 1918 ஆகத்தில் மதுரையில் பேசினார். மதுரை அப்போது ஆர்வி பஞ்சாலையின் ஊர். தொழிலாளர் தலைநிமிரத் தொடங்கிய காலம். அந்தப் பேச்சு ஆட்சிக்கு எதிரான பேச்சு என்று சொல்லி அவரைத் தளைப்படுத்தினர். அவருக்காக மதுரைக்கு வந்து வழக்காடியவர் யார் தெரியுமா? சேலத்து வழக்கறிஞர் சி. இராசகோபாலாச்சாரியார். இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். இவ்விருவரும் பிறகு இருமுறை நேருக்கு நேர் நின்றார்கள். ஆனால் ஒரே பக்கத்தில் அல்ல.

இரண்டாம் சிறை எழுத்துக்காக வந்தது. ‘பிரபஞ்சமித்திரன்’ என்னும் கிழமை இதழில் வந்த கட்டுரைக்காக ஒன்பது திங்கள். அவ்விதழ் சுப்பிரமணிய சிவாவின் பெயரோடும் நாயுடுவின் பெயரோடும் சேர்த்தே பேசப்படுவது. சிவா யார்? இந்த மலையடிவாரத்துப் பிள்ளை. கோடைக்கானலுக்கு ஏறும் சாலை தொடங்குமிடமாகிய வத்தலக்குண்டில் 1884-இல் பிறந்தவர். வ.உ.சி.யோடு சிறை புகுந்து, சிறையிலே தொழுநோய் பெற்று வெளியே வந்தவர். நோயாளி தொடர்வண்டியில் ஏறக்கூடாது என்று வெள்ளையர் தடுத்தபோது புண்பட்ட கால்களோடு ஊர்ஊராய் நடந்தே பேசியவர். அந்தச் சிவாதான் தம் ‘ஞானபானு’ இதழில் 1915-இல், வடசொல் கலவாமல் தனித்தமிழில் கட்டுரை எழுதுவோர்க்கு ஐந்து உரூபா பரிசு என்று விளம்பினார். மறைமலையடிகள் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கியதாகச் சொல்லும் 1916-க்கு ஓராண்டு முன்னே. இதழின் பெயரோ ஞானபானு. அறிவித்த பரிசோ தனித்தமிழுக்கு! பெயரில் வடமொழி இருக்க உள்ளே தமிழ் விழித்துக்கொண்ட காலம் அது.

அதே விழிப்பு நாயுடுவின் இதழ்ப் பெயர்களிலும் தெரிகிறது. பிரபஞ்சமித்திரன் என்னும் பெயர் உலகத்துக்கே நண்பன் என்று சொல்லிக்கொண்டது. அடுத்து அவர் சேலத்திலிருந்து நடத்திய கிழமை இதழுக்குச் சூட்டிய பெயர் ‘தமிழ்நாடு’. உலகத்து நண்பனாயிருந்தவர் தம் வீட்டு முகவரியைக் கண்டுகொண்டார் என்று சொல்லத் தோன்றுகிறது. சென்னை மாகாணம் என்னும் பெயரே ஆட்சியின் ஏடுகளிலெல்லாம் இருந்த நாளில், தெலுங்கும் கன்னடமும் மலையாளமும் தமிழும் ஒரே கொட்டடியில் கட்டப்பட்டிருந்த நாளில், கிழமைதோறும் ஓர் இதழின் தலையில் ‘தமிழ்நாடு’ என்று அச்சாகி ஊர்ஊராய்ப் போனது. பின்னர் அது சென்னையிலிருந்து நாளிதழாகவும் வந்தது. பிற்காலத்தில் ‘தினமணி’யின் முதல் ஆசிரியராகிய தி.ச. சொக்கலிங்கம் அந்தத் ‘தமிழ்நாடு’ இதழிலே பயின்றவர். இதழெழுதும் தமிழ் பேச்சுக்கு அணுக்கமாகவும் சூடாகவும் இருக்கவேண்டும் என்பது அங்கே ஒரு பாடமாயிற்று.

பெரியகுளத்துப் பேச்சுக்குத் திரும்புவோம். 1923-ஆம் ஆண்டு இந்த மலையடிவாரம் எப்படி இருந்தது? உசிலம்பட்டிப் பக்கத்துப் பெருங்காமநல்லூரில், ஒரு குடியில் பிறந்தவரெல்லாம் பிறவிக் குற்றவாளிகள் என்று கைநாட்டு எடுக்க வந்த ஆட்சியை மக்கள் எதிர்த்தனர். 1920 ஏப்பிரல் 3-இல் துப்பாக்கி வெடித்தது. மாயக்காள் என்னும் பெண் உள்ளிட்ட பதினாறு பேர் மடிந்தனர். அந்தக் குருதி உலர்ந்து மூன்றாண்டுதான் ஆகியிருந்தது. காந்தியடிகள் ஒத்துழையாமையை நிறுத்திவிட்டுச் சிறையில் இருந்தார். நாடெங்கும் ஊக்கம் தளர்ந்திருந்த நேரம். பெரிய ஊர்களிலேயே கூட்டம் சேராத நாளில், மலையடிவாரத்து ஊர் ஒன்றில் ஒரு மருத்துவர் பேசுவதைக் கண்டு ஆட்சி ஏன் அஞ்சியது? அவர் பேச்சு, படித்தவர் மன்றத்தில் ஆங்கிலத்தில் நடக்கும் பேச்சன்று என்பதுதான் விடை. சுமந்தவனுக்கும் உழுதவனுக்கும் விளங்கும் தமிழில் பேசினார். அக்காலக் காங்கிரசு மேடைகளில் இது எளிதாகக் கிடைத்த பொருளன்று. அந்த ஒன்றுக்காகவே தமிழ்நாட்டுக் காங்கிரசில் மூவர் பெயர் ஒரே மூச்சில் சொல்லப்பட்டது: நாயக்கர், நாயுடு, முதலியார். நாயக்கர் என்றால் ஈரோட்டு ஈ.வெ. இராமசாமி. முதலியார் என்றால் திரு.வி. கலியாணசுந்தரனார். நடுவில் நின்றவர் நம் மருத்துவர்.

இனிச் சேரன்மாதேவி. நாயுடுவின் வாழ்வை எவர் எழுதினாலும் இங்கேதான் நின்று எழுத வேண்டும்.

தாமிரவருணிக் கரையில் சேரன்மாதேவியில் ஒரு தமிழ்க் குருகுலம் நடந்தது. அதை நிறுவியவர் வ.வே.சு. ஐயர். அவர் எளிய மாந்தர் அல்லர். இலண்டனில் சட்டம் படிக்கப் போய், பட்டத்தைத் துறந்து, புதுச்சேரியில் ஒளிந்து வாழ்ந்து, திருக்குறளை ஆங்கிலத்தில் பெயர்த்து, கம்பனை உலகப் பாவலரோடு ஒப்பிட்டு எழுதியவர். பிள்ளைகளுக்குத் தாய்மொழியாம் தமிழிலே கற்பிக்க வேண்டும், கைத்தொழிலும் உடற்பயிற்சியும் கூடவே வேண்டும் என்பது அவர் கனவு. இன்றும் தமிழ்வழிக் கல்விக்குப் போராடிக்கொண்டிருக்கும் நமக்கு, நூறாண்டுக்கு முன்னே ஒருவர் அதற்கெனப் பள்ளியே எடுத்தார் என்று கேட்கும்போது நெஞ்சு பூரிக்காதா? அதனாற்றான் செட்டிநாட்டுச் செல்வர் பொருள் கொடுத்தனர். கடல்கடந்த தமிழரும் கொடுத்தனர். தமிழ்நாட்டுக் காங்கிரசு பத்தாயிரம் உரூபா தர ஒப்பி, அதில் ஐயாயிரத்தைக் கொடுத்தும்விட்டது.

அந்தப் பள்ளியில் இரண்டு பார்ப்பனப் பிள்ளைகளுக்குத் தனியே உணவு படைக்கப்பட்டது. மற்றப் பிள்ளைகளோடு ஒரே பந்தியில் அவர்கள் அமரவில்லை. நடந்தது இதுதான்.

இரண்டே பிள்ளைகள். இதற்கா இவ்வளவு பெரிய போர் என்று அன்றும் கேட்டார்கள். பள்ளி நன்றாக நடக்கிறதே, தமிழ் கற்பிக்கிறதே, சிறு குறையைப் பெரிதாக்கி நல்ல முயற்சியைக் கெடுக்கலாமா என்று கேட்டவர்களில் நல்லவர்களும் இருந்தார்கள். அவர்கள் கேள்வியைத் தள்ளிவிடக்கூடாது. தமிழ்வழிப் பள்ளி ஒன்று அழியும் என்றால் தமிழர்க்கு அது இழப்புத்தானே? உண்மையில் இழப்பே நேர்ந்தது.

ஆனால் நாயுடு மருத்துவர். பத்தியம் என்பது நாட்டு மருத்துவத்தில் பாதி மருந்து. எதை உண்கிறாய், எப்போது உண்கிறாய் என்று கேளாமல் நாட்டு மருத்துவன் மருந்தைத் தொடுவதில்லை. நாவில் ஒரு சிறு வெள்ளைப் படிவு கண்டால், அது நாவின் நோயன்று, உள்ளே குடலின் நோய் என்று அறிவான். பொதுப்பணத்தில் நடக்கும் பள்ளியில் இரண்டு இலை தனியே விழுந்தது என்றால், அதை இரண்டு இலையின் செய்தியாக அவர் எடுத்துக்கொள்ளவில்லை. எட்டு வயதுப் பிள்ளை, தன்னோடு படிக்கும் இன்னொரு பிள்ளை தன்னருகில் அமர்ந்து உண்ண மாட்டான் என்பதை ஒவ்வொரு வேளையும் பார்த்துக்கொண்டு வளர்ந்தால், அவன் கற்கும் குறளில் பிறப்பொக்கும் எல்லா உயிர்க்கும் என்ற கருத்து அவன் நெஞ்சில் எப்படித் தங்கும்? பந்தி கற்பிக்கும் பாடம் ஏட்டுப் பாடத்தைவிட ஆழமாகப் பதியும்.

காந்தியடிகளிடம் போனார்கள். ஏற்கெனவே சேர்ந்துவிட்ட பிள்ளைகளின் பெற்றோர்க்குக் கொடுத்த சொல்லைக் காப்பாற்றிவிட்டு, இனிச் சேர்வோரில் வேறுபாடு பார்க்க வேண்டா என்ற வகையில் அவர் இடைவழி சொன்னார். அந்த இடைவழி இருபக்கமும் நிறைவு தரவில்லை. நாயுடு தம் ‘தமிழ்நாடு’ இதழிலே இடைவிடாது எழுதினார். ஊர்ஊராய்ப் போய்ப் பேசினார். தமிழ்நாட்டுக் காங்கிரசின் தலைவராக இருந்துகொண்டே, காங்கிரசுப் பணம் போன பள்ளியைக் கேள்வி கேட்டார். தலைவர் தம் அமைப்பின் கணக்கைத் தாமே தெருவில் வைத்துப் பேசுவது இன்றும் காணக்கிடையாத காட்சி.

1925 ஏப்பிரலில் திருச்சியில் காங்கிரசுக் குழு கூடியது. பிறப்பினால் உயர்வு தாழ்வு பாராட்டக்கூடாது, நாட்டுப்பணியில் ஈடுபட்ட அமைப்புகள் எல்லாம் இதைக் கடைப்பிடிக்க வேண்டும் என்னும் கருத்துடைய தீர்மானத்தை எசு. இராமநாதன் கொணர்ந்தார். இராசகோபாலாச்சாரியார் எதிர்ப்பக்கம் நின்றார். பழக்கவழக்கத்தைக் கட்டாயத்தால் மாற்றலாகாது, கனிவால் மாற்ற வேண்டும் என்பது அவர் தரப்பினர் வாதம். ஏழாண்டுக்கு முன் மதுரையில் நாயுடுவின் விடுதலைக்காக வாதிட்ட அதே நாவு! தீர்மானத்துக்குச் சார்பாகப் பத்தொன்பது பேர், எதிராக ஏழு பேர். தீர்மானம் நிறைவேறியது. இராசகோபாலாச்சாரியார், தி.சே.சௌ. இராசன் முதலிய சிலர் குழுவிலிருந்து விலகினர்.

இந்த இராசனும் மருத்துவர்தாம். இலண்டன் சென்று மேனாட்டு மருத்துவம் கற்றுத் திருச்சியில் தொழில் நடத்தி அரசியலுக்கு வந்தவர். 1930-இல் வேதாரணிய உப்புப் போரில் ஈடுபட்டவர். 1937-இல் அமைச்சராகி மக்கள் நலத்துறையைப் பார்த்தவர். தாழ்த்தப்பட்டோர்க்குப் பின்னாளில் அவர் செய்த பணியும் குறைத்துச் சொல்லத் தக்கதன்று. ஆயினும் 1925-இல் ஒரு பந்தியைப் பற்றிய கேள்வியில் இரண்டு மருத்துவர் இரு பக்கம் நின்றனர். நோயை அறியும் திறம் பட்டத்தில் இல்லை என்பதற்கு இதைக் காட்டாகச் சொன்னால் இராசனின் அன்பர்கள் வருந்தக்கூடும். இருந்தும் சொல்லத்தான் தோன்றுகிறது.

அதன்பின் நடந்தது துயரம். 1925 சூன் தொடக்கத்தில் பாபநாசம் அருவியில் தவறி விழுந்த மகள் சுபத்திரையைக் காப்பாற்றப் பாய்ந்து வ.வே.சு. ஐயரும் நீரோடு போனார். குருகுலம் பிறகு நெடுநாள் தலையெடுக்கவில்லை. ஐயர் சாவுக்கு இந்தக் கிளர்ச்சியே பொறுப்பு என்று மனம் நொந்து சொன்னவர் உண்டு. அருவியையும் கிளர்ச்சியையும் முடிச்சுப்போடுவது அறிவன்று. ஆனால் தமிழ்வழிப் பள்ளி ஒன்றைத் தமிழர் இழந்தனர் என்பது மெய். அந்த இழப்புக்குக் கேள்வி கேட்டவர் பொறுப்பா, இலையைப் பிரித்துப் போட்டவர் பொறுப்பா என்பதைத் தமிழ்ப்பள்ளி நடத்துவோர் ஒவ்வொருவரும் தமக்குத் தாமே கேட்டுக்கொள்ள வேண்டும். தமிழைக் கற்பித்தால் போதும், தமிழரைப் பிரித்தாலும் குற்றமில்லை என்று எண்ணுவோர் இன்னும் இருக்கிறார்கள்.

அந்த ஆண்டு மே 2-இல் ஈரோட்டில் ‘குடி அரசு’ தோன்றியது. நவம்பரில் காஞ்சி மாநாட்டில் பெரியார் காங்கிரசை விட்டு வெளியேறினார். நாயுடு அப்போது வெளியேறவில்லை. மூவரில் ஒருவர் தன்மான இயக்கம் கண்டார். ஒருவர் தொழிலாளர் பக்கமும் தமிழ்ப் பக்கமும் போனார். நாயுடு காங்கிரசிலேயே நின்றார். பின்னர் 1929-ஐ ஒட்டி அங்கிருந்தும் விலகினார்.

இதற்குப் பிந்திய இருபதாண்டு வாழ்வைப் புகழ்ந்து பேச இடமில்லை, மறைக்கவும் வேண்டுவதில்லை. இந்து மகாசபையில் சேர்ந்து முன்னணியில் இருந்தார். சேரன்மாதேவியில் பந்தியைப் பிரித்ததை எதிர்த்தவர், மதத்தின் பெயரால் மக்களைப் பிரிக்கும் அவைக்கு எப்படிப் போனார் என்று கேட்பது முறையே. 1945-இல் மறுபடியும் காங்கிரசுக்கு வந்தார். கட்சிக்குக் கட்சி மாறிய கால் என்று அவரைச் சொல்லிவிடலாம். இதழ்த்துறையிலும் அப்படித்தான்: 1932-இல் ‘இந்தியன் எக்சுபிரசு’ என்னும் ஆங்கில நாளிதழைத் தம் ‘தமிழ்நாடு’ அச்சகத்திலிருந்து தொடங்கியவர் இவர்தாம். பணமுடை நெரிக்கவே சதானந்துக்கு விற்றுவிட்டார். பிறகு அது கோயங்கா கைக்குப் போயிற்று. அந்த நிறுவனத்திலிருந்துதான் 1934-இல் ‘தினமணி’ வந்தது. இராசிபுரத்து நாட்டு மருத்துவர் ஊன்றிய விதை, இந்தியா முழுதும் கிளை பரப்பிய ஆங்கில இதழாயிற்று. அவர் பெயர் மட்டும் மறைந்துபோயிற்று. அவர் தமிழில் நடத்திய இதழோ நிலைக்கவில்லை. ஆங்கிலத்தை வாழவைக்கும் பணம் தமிழை வாழவைக்க வராது என்பது அன்றே கண்ட உண்மை.

ஆனால் முதுமையில் மீண்டும் ஒருமுறை அந்தப் பழைய மருத்துவர் விழித்தெழுந்தார். இதை இளைஞர் தவறாமல் அறியவேண்டும்.

1952 தேர்தலுக்குப் பின் இராசகோபாலாச்சாரியார் சென்னை முதலமைச்சரானார். 1953-இல் சிற்றூர்த் தொடக்கப் பள்ளிகளுக்கு ஒரு புதிய கல்வித்திட்டம் வந்தது. பிள்ளைகள் நாளுக்கு மூன்று மணி நேரம் பள்ளியில் படிப்பார்கள். மற்ற நேரத்தில் பெற்றோரின் தொழிலைக் கற்பார்கள். பள்ளிக்கூடம் போதாமை, ஆசிரியர் போதாமை என்பவை சொல்லப்பட்ட பொருத்தங்கள். ஏட்டில் சாதி என்ற சொல்லே இல்லை. ஆனால் தமிழ்நாட்டில் பெற்றோர் தொழில் என்றால் என்ன பொருள்? வண்ணார் பிள்ளை வெளுக்கவும், குயவர் பிள்ளை மண் மிதிக்கவும், மலையடிவாரத்தில் சுமை சுமந்தவன் பிள்ளை மறுபடி சுமக்கவும் பாதிநாள் பயிற்சி என்பதே பொருள். மக்கள் அதற்குக் ‘குலக்கல்வித் திட்டம்’ என்று பெயரிட்டனர். பெரியாரும் திராவிடர் கழகமும் எதிர்த்தனர். திராவிட முன்னேற்றக் கழகம் 1953 சூலையில் போராடிச் சிறை சென்றது. வெளியிலிருந்து எழுந்த இந்த எதிர்ப்பை வரலாறு நன்றாகவே பதிந்திருக்கிறது.

உள்ளிருந்து எழுந்ததைத்தான் பலர் மறந்துவிடுகின்றனர். ஆளுங் காங்கிரசின் சட்டமன்ற உறுப்பினரிடையே அத்திட்டத்துக்கும் முதலமைச்சர்க்கும் எதிராக ஆள் சேர்த்தவர்களில் முன்னின்றவர் அறுபத்தாறு வயது வரதராசுலு நாயுடு. 1918-இல் தம் வழக்கறிஞர். 1925-இல் தம் எதிராளி. 1953-இல் மறுபடியும் எதிராளி. இரண்டு முறையும் கேள்வி ஒன்றே: பிறப்பைக் கொண்டு பள்ளியில் பிள்ளைகளைப் பிரிக்கலாமா? முதலில் இலையால் பிரித்தனர். பிறகு நேரத்தால் பிரித்தனர். கட்சி மாறிய கால், இந்த ஓர் இடத்தில் மட்டும் பிசகவில்லை.

1954 மார்ச்சில் இராசகோபாலாச்சாரியார் உடல்நலக் குறைவைச் சொல்லி விலகினார். ஏப்பிரல் 13-இல் காமராசர் முதலமைச்சரானார். அடுத்த திங்களே அந்தக் கல்வித்திட்டம் கைவிடப்பட்டது. சிற்றூர்ப் பிள்ளைகள் முழுநாளும் பள்ளிக்குப் போனார்கள். பெரியகுளத்திலும் வத்தலக்குண்டிலும் மலைமேல் பூம்பாறையிலும் மன்னவனூரிலும் இன்று ஓய்வுபெற்ற ஆசிரியர்களாக இருப்போர் பலர், அந்த முழுநாளில் படித்தவர்கள்.

நாயுடு 1957 சூலை 23-இல் மறைந்தார். முப்பத்திரண்டு ஆண்டுக்கு முன்னே, அதே சூலை 23-இல்தான் வத்தலக்குண்டுச் சிவா பாப்பாரப்பட்டியில் கண்மூடியிருந்தார். நாயுடு இறக்கும்போது இந்த நாட்டுக்குச் சட்டப்படி இருந்த பெயர் சென்னை மாநிலம். பெயரை மாற்றக் கேட்டுப் பட்டினி கிடந்த சங்கரலிங்கனார் 1956 அத்தோபர் 13-இல் உயிர்விட்டும் மாற்றம் வரவில்லை. 1967 சூலை 18-இல், அண்ணா முதலமைச்சராயிருந்தபோது, சட்டமன்றம் பெயர்மாற்றத் தீர்மானத்தை நிறைவேற்றியது. சேலத்து மருத்துவர் ஒருவர் 1920-களிலேயே தம் இதழின் நெற்றியில் அச்சிட்டு, இந்த மலையடிவாரம்வரை அனுப்பிக்கொண்டிருந்த அந்தப் பெயர், 1969 சனவரி 14 முதல் மாநிலத்தின் பெயராயிற்று.